சாவு சொல்லப் போனேன், ஒரு வருஷம் பிந்தி

போன செவ்வாய்க்கிழமை குருக்கள்மடத்துத் துறையில் தோணியேறி, வாவியைக் கடந்து படுவான்கரைக்குப் போனேன். என் மனைவி தெய்வானையின் முதலாம் ஆண்டுத் திவசத்துக்கு அவளுடைய அண்ணனிடம் சொல்ல வேண்டும். சொல்லிவிட்டு அடுத்த தோணியிலேயே திரும்பிவிடுவது என்று திட்டம். அந்த மனிதரோடு எனக்குப் பேச்சு நின்று பதினொரு வருஷமாகிறது.

ஏன் நின்றது? எங்கள் பக்கத்தில் கலியாணம் முடித்தால் மாப்பிள்ளைதான் பெண்ணின் வீட்டுக்குப் போய்க் குடியிருக்க வேண்டும். நானும் போனேன், நாலு வருஷம் இருந்தேன். பிறகு, பட்டணத்தில் அரசாங்கக் கச்சேரிக்குப் பக்கத்தில் இருந்தால்தான் பிழைப்பு என்று சொல்லி, அவளைப் புளியந்தீவுக்குக் கூட்டி வந்துவிட்டேன். மச்சானுக்கு அது பெரிய தலைகுனிவு. "இனி இந்தப் படலையத் திறக்காத" என்றார். திறக்கவில்லை. ரோசத்தில் நான் மட்டும் குறைந்தவனா?

இந்தப் பத்தியை வாராவாரம் படிக்கும் உங்களுக்கு என் பிழைப்புத் தெரியும் — கச்சேரி வாசலில் மேசை போட்டு ஊராருக்குப் பெட்டிசம் எழுதிக் கொடுப்பது. அவர்கள் அழுதுகொண்டு சொல்வதை, 'தாழ்மையுடன் தெரிவித்துக் கொள்கிறேன்' என்று மாற்றி வைப்பது. பகல் முழுவதும் பேச்சுக் கேட்டுக் கேட்டுக் காது வலிக்கும். வீட்டுக்கு வந்தால் ஒரு சத்தமில்லை.

சாப்பாடு, காத்தான்குடி முஸ்லிம் காக்கா ஒருவரின் கடையில். நல்ல மனிதர். "சோறு வைக்கட்டா ஐயா?" என்று அன்பாகத்தான் கேட்பார். ஆனால் 'எத்தின தரம் கூப்பிடுற, சோறு ஆறுது' என்று ஒருத்தி உள்ளேயிருந்து சினப்பது வேறு... இல்லையா? இந்த ஒரு வருஷத்தில் என்மேல் யாரும் சினக்கவில்லை. அதுதான் தாங்க முடியவில்லை.

சரி, விஷயத்துக்கு வருகிறேன்.

தெய்வானை இறந்த அன்று விடிவதற்குள் வீட்டில் கூட்டம் சேர்ந்துவிட்டது. பக்கத்து வீட்டுக்காரர் என் காதோடு கேட்டார்: "படுவான்கரைக்கு ஆர் சொல்லப் போற? ஆள் அனுப்பட்டா?"

நான் என்ன சொன்னேன் தெரியுமா? "முதல் தோணியோட செய்தி போயிருக்கும். அவருக்குத் தெரியாமலா இருக்கும்?"

அவர் வரவில்லை. கூடப்பிறந்தவளின் முகத்தைக் கடைசியாகப் பார்க்கக்கூட வராத மனிதன் என்று ஒரு வருஷமாக அவரை மனதுக்குள் திட்டிக்கொண்டிருந்தேன். தனியாக இருப்பவனுக்குத் திட்டுவதும் ஒரு துணைதான். ஆனால் திவசம் நெருங்க நெருங்க நெஞ்சு பொறுக்கவில்லை. எங்களுக்குப் பிள்ளையில்லை. அவளுக்கென்று வந்து உட்கார இந்த உலகத்தில் மிச்சம் அவர் ஒருவர்தான். எனக்கும்தான் வேறு யார் இருக்கிறார்கள்?

வேலிப் படலைக்கு வெளியே நின்றேன். மச்சான் முற்றத்தில் குந்தியிருந்து மண்வெட்டிக்குப் பிடி போட்டுக்கொண்டிருந்தார். நிமிர்ந்து பார்த்தார். வா என்றும் சொல்லவில்லை, போ என்றும் சொல்லவில்லை.

"வாற வெள்ளி தெய்வானைக்குத் திவசம். சொல்லிப்போட்டுப் போக வந்தன்" என்றேன். தோணியில் பத்துத் தடவை சொல்லிப் பார்த்த வாக்கியம்.

"ஆருக்குத் திவசம்?"

"தெய்வானைக்கு."

"என்ட தங்கச்சி செத்ததெண்டு எனக்கு இன்னும் ஒருத்தரும் சொல்லல்ல."

கோபமாகச் சொல்லவில்லை. இந்த வருஷம் மழை பிந்திவிட்டது என்று சொல்வது போலச் சொன்னார்.

மச்சானின் மனைவி வாசலுக்கு வந்தார். "அண்ணன், அண்டைக்கு விடியவே இவரு கேள்விப்பட்டுட்டாரு. தோணிக்காரன்தான் கதையோட கதையாச் சொன்ன. வேட்டி சால்வையோட போய்த் துறையடியில குந்தினவரு. சொல்ல ஆர் வாறதெண்டு ஒவ்வொரு தோணியாப் பாத்தவரு. பொழுதுபட்ட மறுகாதான் எழும்பி வந்தவரு."

செய்தி போய்ச் சேர்ந்தால் போதும் என்று நினைத்திருக்கிறேன் — கச்சேரிப் புத்தி. எங்கள் ஊர்களில் சாவு சொல்வது தகவலுக்காகவா? பறையடித்தால் எல்லோருக்கும் தெரிந்துவிடும். நீ எங்கள் ஆள், நீ வந்துதான் எடுக்க வேண்டும் என்று சொல்லத்தானே ஒருவன் வெயிலில் நடந்து வந்து படலையில் நிற்கிறான்? அத்தனை வருஷக் கோபத்தால் அறுக்க முடியாத உறவை, ஓர் ஆளை அனுப்பாமல் விட்டு, ஒரே நாளில் நான் அறுத்து முடித்திருக்கிறேன்.

தோளில் கிடந்த சால்வையை எடுத்து இடுப்பில் கட்டினேன். சொல்ல வாயெடுத்தேன். வரவில்லை.

அப்போதுதான் உறைத்தது. சாவு சொல்லும் அந்த வாக்கியத்தை நான் ஒருவருக்கும் சொன்னதே இல்லை. அன்றைக்கு மற்றவர்கள்தான் எனக்குச் சொன்னார்கள். பிறகு எல்லோருக்கும் தெரிந்திருந்தது, சொல்லத் தேவை வரவில்லை. மரணப் பதிவுக்குக்கூட எழுதித்தான் கொடுத்தேன், அழகான கையெழுத்தில்.

மூன்றாம் தரம் வந்தது. "மச்சான், தெய்வானை செத்துப் போனா. நீங்க வரோணும்."

சொல்லிவிட்டுப் படலையைப் பிடித்துக்கொண்டு அழுதேன். வெட்கமில்லாமல் சொல்கிறேன், அவளுக்காக நான் வாய்விட்டு அழுதது அன்றைக்குத்தான்.

மச்சான் எழுந்து கிணற்றடிக்குப் போனார். இரத்த உறவின் சாவு எவ்வளவு பிந்திக் காதில் விழுந்தாலும், கேட்டவுடனே தலையில் தண்ணீர் வார்க்க வேண்டும். சாவுத் தீட்டான துடக்கு அப்போதுதான் தொடங்கும். வாளி வாளியாக வார்த்தார். தண்ணீர்ச் சத்தத்தோடு அவருடைய அழுகையும் கேட்டது.

ஈரத்தோடு படலைக்கு வந்து நின்றார். "என்ன வருத்தம் அவக்கு? எத்தின நாள் கிடந்தவ?" என்று கேட்டார். காய்ச்சல் என்றேன், ஆறு நாள் என்றேன். "கடைசியா என்ன கேட்டவ?" கஞ்சி கேட்டாள் என்றேன். காய்ச்சலும் ஆறு நாளும் அவருக்கு எப்போதோ தெரிந்திருக்கும். இருந்தாலும் புதிதாகக் கேட்டார்; நானும் புதிதாகச் சொன்னேன்.

"வெள்ளி விடியவே வாறம், மச்சான்" என்றார்.

சாவு சொல்லப் போனவன் 'போயிட்டு வாறன்' என்று விடை கேட்கக் கூடாது. பேசாமல் திரும்பித் துறைக்கு நடந்தேன்.

அதன் பிறகு இந்தப் பத்தியை எழுத உட்கார்ந்தால், மனது குறுகுறுக்கிறது. ஒரு வருஷமாக வாராவாரம் உங்களோடு கச்சேரி வேடிக்கைகளையெல்லாம் பேசியிருக்கிறேன். இதை மட்டும் விட்டுவிட்டேன். உங்களில் பலர் எப்படியோ கேள்விப்பட்டிருப்பீர்கள். நான் சொல்லாததால், ஒரு வரி ஆறுதல் எழுதக்கூட வழியில்லாமல் இருந்திருப்பீர்கள்.

என் மனைவி தெய்வானை இறந்துவிட்டாள். வரும் வெள்ளிக்கிழமை திவசம், புளியந்தீவில் என் வீட்டில், காலையில். பெரிய கூட்டம் இராது. பாய் விரிக்க இடம் நிறையக் கிடக்கிறது.

சொல்லவில்லையே என்று யாரும் இருந்துவிடாதீர்கள்.