இடது பாதத்துக் கட்டு

ஞாயிறு காலை ஏழு இருபது. நான் முதலில் கண்டது அத்தானின் இடது பாதத்தில் ஒட்டியிருந்த கட்டின் முதுகில் ஒரு பழுப்பு வட்டம். பத்துச் சத நாணயம் அளவு. ஓரம் தேநீர் நிறம், நடுப்பகுதி இன்னும் கறுப்பு. அவர் முன்னறைக் கதிரையில் சாய்ந்து, காலை முக்காலியில் நீட்டி, தமிழ் வானொலி கேட்டுக்கொண்டிருந்தார். எங்கள் அவுஸ்திரேலியப் புறநகரான ரோவிலில் அது குளிர்காலம்; அன்று எதிர்வீடு தெரியாத அளவுக்கு மூடுபனி.

அத்தான் என் அக்காவின் கணவர். அறுபதை நெருங்குகிறவர், நீரிழிவு எனும் சீனி வருத்தம் நீண்டகாலமாக உள்ளவர். ஒரு பண்டகசாலையில் ஃபோர்க்லிஃப்ட் ஓட்டினார். பாதங்களில் உணர்வு குறைந்து வந்தது அவருக்கே தெரிந்திருக்கவில்லை. மே மாதம் அக்காவின் தோட்டுத் திருகாணி ஒன்று தொலைந்து, வீடு முழுக்கத் தேடினோம். இரண்டு நாள் கழித்து அது அவருடைய வேலைச் சப்பாத்துக்குள் கிடந்தது. இரண்டு நாளும் அதன்மேல் நடந்திருக்கிறார். பெருவிரலுக்குக் கீழே, பாதத்தின் தடித்த பகுதியில், சிறிய துளை இருந்தது. ஐந்து வாரமாகியும் அது மூடவில்லை.

திங்களும் வியாழனும் வீட்டுக்கு வந்து கட்டு மாற்றிய தாதி மலேசியத் தமிழ்ப் பெண். முதல் நாளே நேராகச் சொல்லிவிட்டார்: புண் மூடினால் கால் தப்பும், எலும்புக்கு இறங்கினால் விரலை எடுக்க வேண்டிவரும், அதோடு நிற்குமென்று யாரும் உறுதி தர முடியாது.

கட்டு என்றால் துணிச்சுருள் அல்ல. பொலியூரித்தேன் நுரையில் செய்த, தோல் நிறச் சதுரம். நுரை புண்ணிலிருந்து வடிவதை உறிஞ்சி வைத்துக்கொள்ளும். வெளிப்பக்கத்து மெல்லிய படலம் ஆவியை வெளியே விடும், தண்ணீரை உள்ளே விடாது. அக்காவுக்கு அது பிடிக்கவில்லை. புண்ணைத் திறந்து காற்றுப்பட விடவேண்டும் என்பது அவள் கட்சி.

"காய விட்டா மேலதான் காயும் ஆன்ட்டி, உள்ள ஆறாது," என்றார் தாதி. "ஈரம் இருந்தாத்தான் புதுத் தோல் வரும். நான் இல்லாதப்போ திறந்து பாக்கவே கூடாது."

கறை, கட்டின் ஓரத்துக்கு ஒரு விரல் அகலம்வரை நெருங்கினால் எந்த நாளானாலும் கூப்பிடச் சொல்லி, தொலைபேசி எண்ணைக் குளிர்சாதனப் பெட்டிக் கதவில் ஒட்டிவிட்டுப் போயிருந்தார்.

நான் கொழும்பில் ஒரு நாளிதழின் பிழைதிருத்தும் மேசையில் பல வருடம் இருந்தவன். அந்தப் பழக்கத்தில், பேனையால் வட்டத்தின் ஓரத்தைச் சுற்றிக் கோடு போட்டு, பக்கத்தில் 7.20 என்று எழுதினேன்.

"என்ன ரிப்போட்டர், என்ர காலிலயும் திருத்தம் போடுறீரோ?" என்றார் அத்தான்.

"கறை பெருக்குதோ எண்டு பாக்கத்தான்."

"பெருக்கட்டும். உறிஞ்சத்தானே ஒட்டியிருக்கு. அது தன்ர வேலையைச் செய்யுது."

பூசைக்குப் போய் வந்து, பதினொன்று நாற்பதுக்குப் பார்த்தேன். கறை கோட்டைத் தாண்டி ஐம்பதுச் சதம் அளவுக்கு வந்திருந்தது. இரண்டாவது கோடு போட்டேன். நாலு மணிக்கு அது வட்டமாக இல்லை. குதிப் பக்கமாக ஒரு நாக்கு நீண்டிருந்தது. ஓரத்துக்கு ஒரு விரல் அகலம்கூட மிச்சமில்லை. கெட்ட மணமும் இருந்தது. அக்கா முக்காலி விரிப்பில் ஓடிக்கொலோன் வாசனைத் தண்ணீர் தெளித்தாள்.

"நம்பருக்கு அடிக்கட்டே?" என்று கேட்டாள்.

"விசரே உமக்கு? நாளைக்குக் காலமை வருவாதானே. ஞாயிற்றுக்கிழமை அந்தப் பிள்ளைக்கும் சமைக்க வேணும், தோய்க்க வேணும்."

"கால் உங்கட கால்."

"அதத்தான் நானும் சொல்லுறன்."

நான் மூன்றாவது கோடு போட்டு நேரத்தை எழுதினேன்.

திங்கள் காலை எட்டு ஐம்பதுக்குத் தாதி வந்தார். முன்வாசல் படியில் உறைபனி வழுக்கியதால் அக்கா அவரைக் கராஜ் வழியாகக் கூட்டிவந்தாள். முன்பு ஒருநாளும் அவர் அந்த வழியால் வந்ததில்லை. உள்கதவுக்குப் பக்கத்தில் எங்கள் சப்பாத்துத் தட்டு. மேல்தட்டில் அக்காவின் கோயில் செருப்பு, என் சப்பாத்து. கீழ்த்தட்டில் முழங்கால்வரை உயரமான சாம்பல் நிறப் பூட்ஸ் ஒன்று. சப்பாத்துக்கு மேல் நீல உறை மாட்டிக்கொண்டிருந்த தாதி அப்படியே நின்றார்.

"அங்கிள் இன்னும் தூங்குறாரா?"

"இல்லையம்மா, விடியவே எழும்பியிட்டார். தேத்தண்ணி போட்டவர்."

"அப்ப இது ஏன் இங்க இருக்கு?"

உடம்பின் பாரம் புண்ணில் விழாமல் தாங்குவதற்காக தாதியே தருவித்துக் கொடுத்த பூட்ஸ் அது. படுக்கையிலும் குளியலிலும் தவிர எப்போதும் காலில் இருக்க வேண்டும் என்று சொல்லியிருந்தார். ஒவ்வொரு முறை வரும்போதும் கேட்பார்: "பூட்ஸ் போடுறீங்களா அங்கிள்?" அத்தானும், "ஓம் பிள்ளை, எப்பவும்," என்பார். அவர் பொய் சொல்லவில்லை. கடைக்கு, கோயிலுக்கு, டொக்டரிடம் போக, எல்லாவற்றுக்கும் அதைப் போட்டார். வீட்டுக்கு வந்ததும் கழற்றித் தட்டில் வைத்தார். தாதி வரும்போது காலை நீட்டிக் கதிரையில் இருப்பார். மற்ற நேரம், வேலைக்குப் போகாத அந்த ஐந்து வாரமும், குசினிக்கும் முன்னறைக்கும் இடையில் மாபிள் தரையில் கட்டோடு நடந்தார். சப்பாத்தோடு வீட்டுக்குள் திரியலாம் என்று எங்கள் மூவருக்குமே தோன்றவில்லை. நான் தினமும் காலையில் அந்தப் பூட்ஸைத் தாண்டித்தான் வெளியே போனேன்.

தாதி கட்டின்மேல் இருந்த மூன்று கோடுகளையும் நேரங்களையும் வாசித்தார்.

"நேத்து நாலு மணிக்கே இப்படி இருந்துச்சா?"

"ஓம்," என்றேன்.

அவர் கட்டை உரித்தபோது நுரை ஊறிக் கனத்திருந்தது. புண்ணைச் சுற்றித் தோல் வெளுத்து வீங்கியிருந்தது. சிவப்பு கணுக்கால்வரை ஏறியிருந்தது. உறையிலிருந்து மெல்லிய உலோகக் குச்சி ஒன்றை எடுத்துத் துளைக்குள் விட்டார்.

"பிள்ளை, உங்கட ஊரில தோசைக்கு மீன்குழம்பு குடுப்பினமாம், உண்மையோ?" என்றார் அத்தான்.

"உண்மைதான் அங்கிள்."

குச்சி இறங்கிக்கொண்டே போனது. நான் எதிர்பார்த்ததைவிட ஆழமாகப் போய், கெட்டியான எதிலோ முட்டி நின்றது. தாதி மெதுவாக இன்னொரு முறை தட்டிப் பார்த்தார்.

"காலமையிலயோ?"

"காலையிலயும் உண்டு."

"அப்ப வயித்துக்கு ஒண்டும் செய்யாதோ?"

குச்சி அப்போதும் உள்ளேதான் இருந்தது. அத்தானின் முகத்தில் ஒன்றும் மாறவில்லை.

"அங்கிள், ஆஸ்பத்திரிக்குப் போகணும். இப்பவே."

"சாப்பிட்டிட்டுப் போனால் காணாதோ?"

"இப்பவே அங்கிள். சாப்பிட வேணாம்."

புதுக் கட்டு ஒட்டிவிட்டு, தாதியே கராஜுக்குப் போய்ப் பூட்ஸைக் கொண்டுவந்து, தரையில் முழந்தாளிட்டு அவர் காலில் மாட்டினார்.

"வீட்டுக்கு உள்ளுக்கையேயோ?" என்றார் அத்தான், தரையைப் பார்த்தபடி.

அறுவை புதன்கிழமைக்கு வைத்தார்கள். பெருவிரலையும் அதன் பின்னால் இருக்கும் எலும்பையும் எடுப்பதாகச் சத்திரசிகிச்சை நிபுணர் சொன்னார். ஒப்புதல் படிவத்தில், தேவைப்பட்டால் மேலும் எடுக்கலாம் என்று ஒரு வரி இருந்தது. அத்தான் அந்த இடத்தை இரண்டு முறை வாசித்துவிட்டுக் கையெழுத்து வைத்தார்.

"ஒரு விரல்தானே. எண்ணிப் பாக்க இன்னும் ஒன்பது கிடக்கு," என்றார் அக்காவிடம்.

"வாயை மூடுங்கோ."

புதன் காலை ஒன்பது பத்துக்கு அவரைத் தள்ளிக்கொண்டு போனார்கள். ஒரு மணித்தியாலம் என்று சொல்லியிருந்தார்கள். பத்தரைக்கு அக்கா விசாரித்தாள். இன்னும் முடியவில்லை என்றார்கள். நிபுணர் வெளியே வந்தபோது பன்னிரண்டு இருபத்தைந்து. பாதத்தின் முன்பாதி எடுக்கப்பட்டிருந்தது.