அவள் கல்லில் இன்று யார்

பணி ஓய்வுக்குப் பிறகு என் காலைப்பொழுதுகள் பலவும் புளி மணத்துடனேயே விடிகின்றன. மொரப்பூரில் இருந்து சற்றே விலகி, தொடர்வண்டியின் ஓசை கேட்கும் தொலைவில், பெண்கள் தாங்களே பங்கு சேர்த்துத் தொடங்கிய புளி நிறுவனம் ஒன்று இயங்குகிறது. அரசுக் கல்லூரியில் தமிழ் கற்பித்தவன் விதிமுறைகளைப் பிழையின்றி எழுதித் தருவான் என்று நம்பி, என்னையும் இயக்குநர் குழுவில் அமர்த்திக்கொண்டார்கள். ஊதியம் கிடையாது. ஆண்டுக்கொருமுறை கொட்டை நீக்கிய புளி ஒரு சிப்பம் வீட்டுக்கு வரும். என் மனைவி அதனை என் ஓய்வூதியத்தினும் உயர்வாக மதிக்கிறாள்.

முன்னாளில் வணிகர்கள் புளி மூட்டைகளை வீட்டு வாசல்களில் இறக்கிவிட்டுப் போவார்கள். பெண்கள் தட்டிக் கொட்டை நீக்கிக் கொடுப்பார்கள். வணிகர் சொன்னதே எடை, கொடுத்ததே கூலி. இப்போது அதே பெண்கள் மரங்களைக் குத்தகைக்கு எடுக்கிறார்கள், ஒரே கூரையின் கீழ் அமர்ந்து தட்டுகிறார்கள், தாங்களே விற்கிறார்கள். ஆண்டிறுதியில் மிஞ்சுவது உழைத்தவர்களுக்கும் பொதுநிதிக்குமாகப் பிரிகிறது. இத்தகைய அமைப்பைச் சமூகத் தொழில் நிறுவனம் என்று நூல்கள் வழங்கும். அங்கே அதற்கு 'நம்ம ஷெட்டு' என்றே பெயர்.

அதன் தலைவி ஓர் இசுலாமியப் பெண்மணி. அவர் புகுந்த வீட்டார் வழிவழியாகப் புளி வணிகம் செய்தவர்கள். "எதிர்க்கட்சியில இருந்து தாவி வந்தவ நான்" என்று தம்மைத் தாமே எள்ளிக்கொள்வார்.

கொட்டகையில் ஒவ்வொருத்திக்கும் ஒரு கல் உண்டு. அதன்மேல் புளியை வைத்துச் சிறு சுத்தியால் தட்டிக் கொட்டையைப் பிதுக்கி எடுக்க வேண்டும். காலையில் தலைவி பெயர்களைக் கூப்பிடுவார். அந்தந்தக் கல்லின் முன் இருப்பவள் குரல் கொடுப்பாள். கல்லை யாரும் மாற்றிக்கொள்வதில்லை.

சென்ற மாசியில், புளிப் பருவம் முழு வீச்சில் இருந்தபோது, அவர்களுள் ஒருத்தி கிணற்றுப் படியில் வழுக்கி விழுந்து கால் எலும்பை முறித்துக்கொண்டாள். கணவன் பெங்களூரில் கட்டட வேலையில் இருந்தான். வீட்டில் மூன்று பெண் குழந்தைகள். ஆண்டுச் செலவில் பெரும்பகுதியை அவள் இந்தப் பருவத்துக் கூலியில்தான் ஈட்டியாக வேண்டும்.

எங்கள் பக்கத்துக் காடுகளில் மாத்தாள் என்றொரு முறை உண்டு. இன்று உன் காட்டில் நான் கடலைக்கொடி பிடுங்கினால், என் காட்டுக்கு நீ வருவாய். கூலிப் பேச்சே எழாது. அந்த முறையை யாரையும் கேட்காமல் கொட்டகைக்குள் கொண்டுவந்துவிட்டார்கள். நாளுக்கொருத்தி தன் கல்லை வெறுமையாக விட்டுவிட்டு, கால் முறிந்தவளின் கல்லின் முன் அமர்ந்தாள். அன்றைய கூலி கல்லுக்குரியவளின் வீட்டுக்குப் போனது. தலைவி அவள் பெயரைக் கூப்பிடும்போது, அமர்ந்திருந்தவளே குரல் கொடுத்தாள். அதில் பொய் இருப்பதாக எங்களுள் ஒருவருக்கும் தோன்றவில்லை.

அவ்வேளையில்தான் பெங்களூர் அங்காடி ஒன்று எங்கள் புளி முழுவதையும் வாங்க முன்வந்தது. தொழிலாளர் நிலையை நேரில் கண்டு ஒப்பம் இட ஓர் ஆய்வாளரை அனுப்பியது. ஓசூரைச் சேர்ந்த இளம்பெண். கனிவாகப் பேசினார், கண் மட்டும் கூர்மை. வரிசையாகக் கேட்டுக்கொண்டே வந்தவர், அந்தக் கல்லின் முன் குந்தினார்.

"உங்க பேரு என்னங்க?"

அன்று அங்கே இருந்தவள், கால் முறிந்தவளின் பெயரைச் சொன்னாள்.

"குழந்தைங்க?"

"மூணும் பொண்ணுங்க மேடம்."

அடுத்த கல்லில் இருந்தவளால் சிரிப்பை அடக்க முடியவில்லை. "அடிப்பாவி, உனக்கேதுடி மூணு பொண்ணு? உன் வூட்டுல இருக்கிறது ரெண்டும் தடிப் பசங்களாச்சே!"

"ஏன் புள்ள, நான் என் கதையையா சொல்றேன்? இந்தக் கல்லுக்காரி கதையைச் சொல்றேன்!"

கொட்டகை முழுதும் சிரித்தது. ஆய்வாளர் சிரிக்கவில்லை. எழுந்து, தலைவியையும் என்னையும் தனியே அழைத்தார்.

"வேற ஒரு எடத்துல இதே மாதிரி பார்த்தேங்க. பேரு இருந்துச்சு, ஆளு இல்ல. அந்தக் கூலியை எவனோ தின்னுட்டிருந்தான். வராதவங்க பேரை எடுத்துடுங்க, நான் கையெழுத்துப் போட்டுட்டுப் போறேன்."

தலைவி முந்தானையை இழுத்துத் தலையில் போட்டுக்கொண்டார். "பேரை எடுத்துடலாம்மா. அவ கல்லை எங்க கொண்டு போயி வெக்கிறது?"

மாத்தாள் முறையை நான் விளக்கினேன். கல்லூரிப் பழக்கத்தில் சற்று நீளமாகவே விளக்கினேன் போலும். இடைமறித்து, "அவங்களைப் பார்க்க முடியுங்களா?" என்றார் ஆய்வாளர்.

சென்றோம். கட்டிலில் மாவுக்கட்டுப் போட்ட காலை நீட்டிப் படுத்திருந்தவள், தலைவியுடன் புதியவர் ஒருவரைக் கண்டதும் பதறி எழ முயன்றாள்.

"என்னாக்கா, என் கல்லை வேற யாருக்காச்சும் குடுத்துட்டீங்களா?"

எல்லாம் அந்த ஒரு கேள்விக்குள் இருந்தது. பெயர் போனால் இவ்வாண்டின் கூலி போகும். பெயர் நின்றால் கொட்டகையின் விற்பனை போகும். தலைவி கட்டிலின் விளிம்பில் அமர்ந்தார்.

ஆய்வாளர் கேட்டார்: "உங்களுக்காக உட்கார்றவங்களுக்கு நீங்க என்ன செய்வீங்க?"

"காலு ஆறட்டுங்க மேடம். ஒவ்வொருத்திக்கும் நான் போயி ஒக்காரணும்."

பின்னால் வந்து நின்ற அண்டை வீட்டுக்காரி விடவில்லை. அவளும் கொட்டகையில் கல் உள்ளவள். "என் நாத்தனா கல்யாணத்துக்கு மொத ஆளா எனக்குத்தான் ஒக்காரணும். இப்பவே சொல்லிட்டேன்!"

"பாருங்க மேடம், இப்பவே துண்டு போடறா. இந்தப் பயத்துலதான் காலே ஆற மாட்டேங்குது."

இம்முறை ஆய்வாளரும் சிரித்தார். சற்று எண்ணிப் பார்த்துவிட்டுச் சொன்னார்: "நீங்க செய்யறது தப்பில்லைங்க. அவங்க பேருல இவங்க குரல் குடுக்கறதுதான் தப்பு. யாருக்காக யாரு உட்கார்றாங்கன்னு வெளிப்படையா சொல்லிடுங்க. எனக்கு அது போதும்."

அங்கேயே விதி எழுத அமர்ந்தோம். 'பதிலி' என்று நான் தொடங்கினேன். தலைவி முகம் சுளித்தார். 'ஈடாள்' என்றேன். "ஐயா, அடகு வெச்ச நகையாட்டம் இருக்குதுங்க. மாத்தாளுன்னே எழுதுங்க." மாற்றாள் என்று எழுதினேன். இனிக் காலையில் இரண்டு பெயரும் சேர்த்தே சொல்லப்படும்: இன்னார் கல்லில் இன்னார். ஆய்வாளர் கூரையைப் பார்த்தபடி அதனை ஒருமுறை சொல்லிப் பார்த்தார். பிறகு ஒப்பம் இட்டார்.

கூட்டுறவு பற்றி நான் மேடைகளில் பேசியதுண்டு. ஆதாயத்தைப் பகிர்வதே அதன் உயிர் என்று அழுத்திச் சொல்லியிருக்கிறேன். இப்போது அவ்வளவு உறுதியாகச் சொல்ல மாட்டேன். வர இயலாதவளுக்கு ஓர் இடத்தை வைத்திருப்பதும், அவள் திரும்பி வந்து அதனை உழைப்பால் நேர்செய்வாள் என்று நம்புவதும் ஆதாயத்துக்கு முந்தியவை என்று படுகிறது. வணிகரிடம் கூலிக்குத் தட்டிய நாளில் அவரவர் வாசலில் அவரவர் மூட்டைதான் இருந்தது. வைத்துக் காக்க ஒரு பொது இடம் இருந்ததில்லை.

அவள் பங்குனியின் கடைசியில் நொண்டிக்கொண்டே வந்தாள். தன் கல்லின் முன் அமரவில்லை. அண்டை வீட்டுத் திருமணம் முடியும்வரை அந்த வீட்டுக்காரியின் கல்லில் இருந்தாள்.

ஆனியில் எனக்குக் கண்புரை அறுவை நடந்தது. இயக்குநர் கூட்டத்துக்குச் செல்ல இயலவில்லை. நெடுநாளாக எனக்கொரு விருப்பம் உண்டு: சிப்பத்தின் மேல் அச்சிடும் ஆங்கிலம் கலந்த பெயரை நீக்கிவிட்டு, நல்ல தமிழ்ப் பெயர் ஒன்றைச் சூட்ட வேண்டும். அன்றைய கூட்டத்தில் அது முடிவாக வேண்டியது. பத்தியம் முடிந்து கொட்டகைக்குப் போனபோது, தலைவி வாய்க்குள் சிரித்துக்கொண்டிருந்தார்.

"உங்க நாற்காலியில மாத்தாளு ஒக்காந்துச்சுங்க ஐயா."

கால் ஆறியவள் தன் கல்லின் முன் இருந்து நிமிர்ந்தாள். "நான்தாங்க ஐயா. நீங்க சொன்ன புதுப் பேரு வேணாமுன்னு கையைத் தூக்கிட்டேன். வாயில நுழையலீங்க."

"என் இடத்தில் அமர்ந்தால் என் கருத்தையல்லவா அம்மா சொல்ல வேண்டும்?"

"எடம் உங்களதுங்க. புத்தி என்னோடதுதானுங்களே!"

"விதி எழுதினது நீங்கதானுங்க" என்றார் தலைவி.

இயக்குநருக்கு மாற்றாள் சட்டப்படி செல்லாது என்பதை அறிவேன். வாதிடவில்லை. இவ்வாண்டும் என் வீட்டுக்கு ஒரு சிப்பம் வந்தது. அதன் மேல் அந்தப் பழைய பெயரே இருக்கிறது. புளி நன்றாக இருப்பதாக மனைவி சொல்கிறாள்.