தவறு என்னுடையது என்று சொன்ன அக்கா

எங்கள் அக்கா மறைந்து இந்த மாதத்துடன் ஓராண்டு நிறைகிறது. அவர் நினைவாக ஒரு சிறு மலர் கொண்டு வரலாம் என்று வீட்டில் பேசியபோது, எழுதும் பொறுப்பு தம்பியாகிய என்னிடம் வந்தது. அக்காவை அறிந்தவர்களில் பாதிப் பேர் உறவினர்கள். மீதிப் பேர் ஹைதராபாத் மாதாப்பூரில் அவருடன் வேலை செய்த பெண்கள். தமிழிலும் தெலுங்கிலும் அந்தச் சொல் ஒன்றே என்பதால் எல்லோருக்கும் அவர் அக்காதான்.

அரக்கோணம் பக்கத்திலிருந்து செகந்திராபாத் ரயில்வே ஒர்க்‌ஷாப்புக்கு வேலைக்கு வந்த எங்கள் அப்பாவுக்கு மூத்த பிள்ளையாக, ரயில்வே குவார்ட்டர்ஸில் பிறந்தவர் அக்கா. அவர் பத்தாவது முடித்த ஆண்டில் அம்மா காலமானார். நான் அப்போது மூன்றாம் வகுப்பு. அக்கா படிப்பை நிறுத்திவிட்டார். நிறுத்தச் சொன்னவர்கள் யாரும் இல்லை. தொடரச் சொன்னவர்களும் இல்லை. எனக்குத் தலை வாரி, டிபன் கட்டி, பள்ளிக்கு அனுப்பியவர் அவர். நான் இன்ஜினியரிங் சேர்ந்த அன்று கல்லூரி வாசல் வரை வந்தார். உள்ளே வரச் சொன்னபோது, "நக்கோடா, வேணாம். நீ போ. நான் இங்கியே நின்னு பாக்கறேன்" என்றார்.

திருமணத்துக்குப் பிறகு மௌலாலியில் குடியிருந்தார். மாமா வேன் ஓட்டிக்கொண்டிருந்தார். முதுகு வலியால் அவர் வேலையை விட நேர்ந்தபோது, மகள் திவ்யாவுக்கு ஆறு வயது. அக்கா மாதாப்பூரில் ஓர் ஆறு மாடி அலுவலகக் கட்டடத்தில் துப்புரவு வேலைக்குச் சேர்ந்தார். இரண்டு பஸ் மாறிக் காலை ஏழு மணிக்குள் போய்ச் சேர வேண்டும். சில ஆண்டுகளில் அங்கே சூப்பர்வைசர் ஆனார். ஏறக்குறைய நாற்பது பெண்கள் அவர் பொறுப்பில் இருந்தார்கள்.

அந்தப் பெண்கள் அவரைப் பற்றிச் சொல்லும் முதல் விஷயம் கையுறை. கையுறை வந்து சேராத நாளில் ஸ்டோரிலிருந்து ஆசிட் பாட்டில் வெளியே வராது. மேனேஜர் கத்தினாலும் வராது. யாராவது லீவு போட்டால் அவளுடைய மாடியை இன்னொருத்தி தலையில் கட்ட மாட்டார். தானே மாப்பை எடுத்துக்கொண்டு போய்விடுவார். இதையெல்லாம் அவர் வீட்டில் சொன்னதே இல்லை. அவர் போன பிறகுதான் நாங்கள் ஒவ்வொன்றாகக் கேட்டு அறிந்தோம்.

ஆனால் நான் இங்கே எழுத நினைத்தது அக்கா செய்த ஒரு தவறைப் பற்றி. நினைவு மலரில் இப்படி எழுதுவது வழக்கமில்லை என்று எனக்குத் தெரியும்.

நாலாவது மாடியில் சாயம்மா என்ற பெண் வேலை பார்த்தாள். தினமும் பத்து மணிக்கு அரை மணி நேரம் காணாமல் போய்விடுவாள். மேலிடத்திலிருந்து இரண்டு முறை புகார் வந்தது. ஒரு நாள் லிஃப்ட் அருகே, மற்ற பெண்கள் எல்லாம் நிற்கும்போது, "எங்கடி போற தினமும்? இது உங்க வீடா?" என்று அக்கா சத்தம் போட்டுக் கேட்டார். சாயம்மா தலை குனிந்து நின்றாள். தினமும் இடத்தை விட்டுப் போகிறாள் என்று மேனேஜருக்கு அக்கா எழுதிக் கொடுத்தார். சாயம்மாவின் வேலை போயிற்று.

ஒரு மாதம் கழித்து, கூட வேலை செய்யும் இன்னொருத்தி விஷயத்தைச் சொன்னாள். சாயம்மாவுக்கு அப்போது கைக்குழந்தை. பிரசவமான இரண்டே மாதத்தில், குழந்தை இருப்பதை மறைத்து வேலைக்குச் சேர்ந்திருக்கிறாள். தெரிந்தால் சேர்க்க மாட்டார்கள் என்ற பயம். அவளுடைய மாமியார் தினமும் பத்து மணிக்குக் குழந்தையைத் தூக்கிக்கொண்டு கேட்டுக்கு வெளியே வந்து நிற்பார். இவள் ஓடிப்போய்ப் பால் கொடுத்துவிட்டு வருவாள்.

அன்று மாலை அக்கா எங்கள் வீட்டுக்கு வந்தார். வழக்கமாகக் காபி போடச் சமையலறைக்குள் போகிறவர், நாற்காலியில் அப்படியே உட்கார்ந்துவிட்டார்.

"நானும் ஒரு பொண்ணப் பெத்தவதானேடா. பத்து பேர் முன்னாடி கேட்டா எவ வாயத் திறப்பா? எனக்குக் கேக்கத் தெரியல" என்றார்.

ஞாயிற்றுக்கிழமை என் பைக்கில் இருவரும் சாயம்மா குடியிருந்த போரபண்டாவுக்குப் போனோம். விசாரித்து வீட்டைக் கண்டுபிடித்தோம். சாயம்மா வாசலில் துணி துவைத்துக்கொண்டிருந்தாள். எங்களைப் பார்த்ததும் எழுந்தாள்; உள்ளே வாருங்கள் என்று சொல்லவில்லை. அக்கா தெலுங்கில் மெதுவாகப் பேசினார். தெரியாமல் செய்துவிட்டேன், மன்னித்துக்கொள், மறுபடி வேலைக்கு வா என்றார்.

சாயம்மா கையைப் புடவையில் துடைத்துக்கொண்டே சொன்ன பதில் எனக்கு இன்றும் மறக்கவில்லை. "அன்னிக்கு எல்லார் முன்னாடியும் சத்தமா கேட்டீங்க அக்கா. இன்னிக்கு யாருமில்லாத எடத்துல மெதுவா சொல்றீங்க."



மறுநாள் காலை ஏழு மணிக்கு, வருகைப் பதிவுக்காக எல்லோரும் வரிசையில் நின்றபோது, அக்கா சத்தமாகவே சொன்னாராம்: "சாயம்மா விஷயத்துல தப்பு அவளோடது இல்ல. என்னோடது. விசாரிக்காம எழுதிக் குடுத்தேன். உங்க எல்லார் முன்னாடியும் அவளத் திட்டினேன். அதனால உங்க எல்லார் முன்னாடியும் சொல்றேன்." அடுத்து மேனேஜரிடம் போய், சாயம்மாவை மறுபடி எடுக்கச் சொன்னார்.

"நீங்கதான் எழுதிக் குடுத்தீங்க. இப்ப நீங்களே மாத்துறீங்க. சூப்பர்வைசர் மேல தப்புன்னு எழுதித் தருவீங்களா?" என்று மேனேஜர் கேட்டார். எழுத மாட்டார் என்று நினைத்துத்தான் கேட்டிருக்க வேண்டும்.

அக்கா எழுதிக் கொடுத்தார்.

சாயம்மா திரும்பி வந்தாள். அக்காவின் சூப்பர்வைசர் பதவி போயிற்று. வீட்டில் அவர் சொல்லவில்லை. சூப்பர்வைசர் போடும் சாம்பல் நிறக் கோட்டுக்குப் பதிலாக நீல நிற யூனிஃபார்ம் கொடியில் காய்வதைப் பார்த்துத் திவ்யாதான் கேட்டிருக்கிறாள். "கோட்டு இறுக்கமா இருந்துச்சு, மாத்திக் குடுத்திருக்காங்க" என்றாராம். நான் விஷயம் தெரிந்து கோபத்துடன் போனேன். இத்தனை வருட உழைப்பை இப்படியா விடுவது என்று கேட்டேன். "அவளுக்கு வேல போச்சு. எனக்குக் கோட்டுதான்டா போச்சு" என்றார்.

ஏழெட்டு மாதங்கள் மாப்புடன் மாடி மாடியாக ஏறினார். புதிதாக வந்த சூப்பர்வைசரை ஒருநாளும் குறை சொன்னதில்லை. அந்தச் சூப்பர்வைசர் வேறு கட்டடத்துக்கு மாறிப்போனபோது, அக்காவையே மறுபடி நியமிக்க வேண்டும் என்று பெண்கள் எல்லோரும் சேர்ந்து மேனேஜரிடம் போய் நின்றார்கள். சாயம்மாதான் முதலில் பேசினாளாம். பதவிக்குத் திரும்பியதும் அக்கா கேட்டு வாங்கியது ஒன்றுதான். கீழ்த்தளத்தில் பழைய சாமான் போட்டு வைத்திருந்த அறையைக் காலி செய்து, ஒரு நாற்காலியும் திரைச்சீலையும் போடச் செய்தார். கைக்குழந்தை உள்ள பெண்கள் அங்கே உட்கார்ந்து பால் கொடுக்கலாம். யாரிடமும் மறைக்க வேண்டியதில்லை.

நோய் வந்த பிறகு அக்கா பத்து மாதங்கள் இருந்தார். வேலை விஷயமாக அந்தப் பெண்களிடமிருந்து மருத்துவமனைக்குத் தினமும் போன் வரும். எதைக் கேட்டாலும், "நீ என்ன நினைக்கற? அதச் சொல்லு முதல்ல" என்பார். கடைசி இரண்டு மாதங்களில் போன் குறைந்துவிட்டது. மறந்துவிட்டார்களோ என்று எனக்கு வருத்தம். அக்காவுக்கு இல்லை. "கேக்கறதுக்கு ஒண்ணுமில்லன்னா வேல நல்லா நடக்குதுன்னு அர்த்தம்" என்று சொல்லிவிட்டுத் தூங்கிப்போனார். அவ்வளவு நிம்மதியான முகத்தை நான் அதிகம் பார்த்ததில்லை.

இறுதிச் சடங்கன்று காலை இருபது பெண்கள் வந்திருந்தார்கள். நாற்பது பேரில் பாதிதானா என்று என் மனம் கணக்குப் போட்டது. அதை இப்போது வெட்கத்துடன் ஒப்புக்கொள்கிறேன். மாலையில் மற்றவர்கள் வேலை உடையுடனே வந்து சேர்ந்தார்கள். காலையில் பாதி, மாலையில் பாதி என்று அவர்களே பிரித்துக்கொண்டிருக்கிறார்கள். யாரும் சொல்லிக் கொடுக்கவில்லை. அன்று ஆறு மாடியில் ஒன்றுகூடத் துடைக்காமல் விடுபடவில்லை.

அக்காவை இரவு பகல் பாராமல் கவனித்த மருத்துவர்களுக்கும் செவிலியர்களுக்கும், முதுகு வலியோடு அவர் கட்டிலருகே உட்கார்ந்திருந்த மாமாவுக்கும், ஊரிலிருந்து வந்து தோள் கொடுத்த உறவினர்களுக்கும், பக்கத்து வீட்டாருக்கும் எங்கள் குடும்பத்தின் நன்றி. அந்த நாற்பது பெண்களுக்கு நன்றி சொல்ல எனக்குத் தகுந்த சொல் தெரியவில்லை.

இதை அச்சுக்குக் கொடுக்கும் முன் திவ்யாவுடன் சாயம்மாவிடம் அனுமதி கேட்கப் போனேன். பெயரை மாற்றிவிடட்டுமா என்றேன். அவளுக்குத் தமிழ் படிக்கத் தெரியாது. திவ்யாவுக்கும் தமிழ் எழுத்து அவ்வளவாக வராது. அதனால் நான் ஒவ்வொரு வரியாகப் படிக்க, திவ்யா தெலுங்கில் சொன்னாள். சாயம்மா கடைசிவரை கேட்டாள்.

"பேர மாத்தாதீங்க அண்ணா. அக்கா எம்பேரச் சொல்லித்தானே மன்னிப்பு கேட்டாங்க" என்றாள்.

மாற்றவில்லை.

அன்புத் தம்பி