மூன்றாம் வரிசை வீடு

சுடலைமாடத்தி கல்யாணமாகித் திருவனந்தபுரத்துக்கு வந்த அன்றைக்குத்தான் முதன்முதலாகக் கடலைப் பார்த்தாள். நாங்குநேரிக்கு மேற்கே, கிணற்றில் தண்ணீர் கிடந்தாலே ஆச்சரியப்படுகிற ஊர் அவளுடையது. புருஷன் இசக்கிப்பாண்டி வலியதுறைப் பக்கம் கடல் சுவர் கட்டும் வேலையில் இருந்தான். லாரியில் வரும் பாறைகளைக் கடப்பாரை போட்டுப் புரட்டி, கரையோரம் ஒன்றின் மேல் ஒன்றாக அடுக்குகிற வேலை. பஸ்ஸை விட்டு இறங்கி, டிரங்குப் பெட்டியைத் தலையில் வைத்துக்கொண்டு அவன் முன்னால் நடந்தான். தென்னைகள் விலகிய இடத்தில் மாடத்தி நின்றுவிட்டாள்.

"என்னங்க, தண்ணி நம்மளவிட ஒசரத்துல நிக்கி."

"பாக்க அப்படித்தான் தெரியும். வா."

"அது இங்க வந்துட்டா?"

இசக்கிப்பாண்டி பெட்டியைத் தலையில் சரிசெய்துகொண்டான். பெட்டி கனத்தது, நடந்துகொண்டே இருந்தான். பிற்காலத்தில் நகரத்துக்குள் சாலைத் தெருவில் எங்களுக்கு அடுத்த அறையில் குடியிருந்தபோது மாடத்தி இதை என்னிடம் சொன்னாள். அவள் கேட்ட அந்தக் கேள்விக்கு அவன் அன்றைக்கே ஏதாவது பொய் சொல்லியிருந்தால் நன்றாக இருந்திருக்கும் என்றாள்.

அவர்கள் வாடகைக்கு இருந்தது ராகேல் வீட்டின் பின்பக்க அறையில். ராகேல் மீன் விற்கிறவள். அவள் புருஷன் சத்தியதாஸ் கட்டுமரத்தில் போகிறவர். கடலிலிருந்து எண்ணினால் மூன்றாவது வரிசை. முன்னால் இரண்டு வரிசை வீடுகள், அவற்றுக்கும் முன்னால் வலை உலர்த்துகிற மணல், பிறகுதான் தண்ணீர். ஆனாலும் மாடத்தி கடல் பக்கம் இருந்த ஜன்னலை ஒருநாளும் திறக்கவில்லை. வெளியே துணி துவைக்கும்போதோ கடல் கண்ணில் படுகிற மாதிரிதான் நிற்பாள். முதுகைக் காட்டினால் அந்த நேரம் பார்த்து ஏறி வந்துவிடும் என்று நினைப்பு. மகள் நாச்சியார் பிறந்த பிறகு பயம் இரட்டித்தது. தூங்கும்போது குழந்தையின் காலைத் தன் முந்தானையோடு முடிந்துகொள்வாள்.

அந்தக் கரையில் பயத்துக்குப் பேடி என்று சொல்வார்கள். மாடத்தி கற்றுக்கொண்ட முதல் மலையாள வார்த்தை அதுதான். ராகேல் நாளுக்குப் பத்துத் தடவை சொல்வாள்: "எடீ மாடத்தி, பேடிக்கண்டா. கடலு வரும், போகும். எனக்கு அறியாத்த கடலா?" சொல்லிவிட்டுச் சிரிப்பாள். பெரிய உடம்பு, பெரிய சிரிப்பு. மாடத்தி அந்தச் சிரிப்பைப் பிடித்துக்கொண்டுதான் அங்கே இருந்தாள். அலைச் சத்தம் மாறினால் முதலில் ராகேலின் முகத்தைப் பார்ப்பாள். ராகேல் தன் பாட்டுக்கு மீனுக்கு உப்புப் போட்டுக்கொண்டிருந்தால், சரி, ஒன்றுமில்லை என்று தன் வேலைக்குப் போவாள்.

ஆனி ஆடி மழையை அங்கே இடவப்பாதி என்பார்கள். ஒவ்வொரு இடவப்பாதிக்கும் கடல் கொஞ்சம் உள்ளே வந்தது. ஒரு வருஷம் வலை உலர்த்துகிற மணல் போயிற்று. இன்னொரு வருஷம் முதல் வரிசையில் பாதி வீடுகள். அந்த வீட்டுக்காரர்கள் கதவையும் ஜன்னலையும் கழற்றித் தலையில் சுமந்துகொண்டு, கடைசி வரிசைக்குப் பின்னால் போய்க் குடிசை போட்டார்கள். யாரும் பெரிதாக அழவில்லை என்பதுதான் மாடத்திக்கு இன்னும் பயமாக இருந்தது.

எழுபத்தைந்தாம் வருஷம் மழைக்கு முன்னால் இசக்கிப்பாண்டி வேலை செய்த கடல் சுவர் வடக்கேயிருந்து வளர்ந்து வந்து, ராகேல் வீட்டுக்குக் கொஞ்சம் வடக்கே நின்றது. மீதிச் சுவர் மழை விட்ட பிறகுதான் என்று சொல்லிவிட்டார்கள். அன்றைக்குச் சாயந்தரம் சோற்றைப் பிசைந்துகொண்டே அவன் சொன்னான்.

"ஏட்டி, சுவரு முடியுற இடத்துல தண்ணி ஒரு மாதிரி திரும்புது. சுவத்தத் தாண்ட முடியாததெல்லாம் சேந்து இந்தப் பக்கம் வருது."

"இந்தப் பக்கம்னா?"

"நம்ம பக்கந்தான். மழை முடியட்டும், வேற எடம் பாப்போம்."

"மழை முடிஞ்ச பெறகு எதுக்கு?"

அவன் தட்டைப் பார்த்துக்கொண்டிருந்தான். அவனுக்கும் பயம் என்று அவளுக்குப் புரிந்தது. அவள் அப்படியே எழுந்து ராகேலிடம் போய்ச் சொன்னாள். ராகேல் சிரித்தாள். "எங்க மாமியார் இங்கதான் பத்துப் பெத்தாங்க. நீ போய் உறங்கு." மாடத்தி அறைக்குத் திரும்பி, குழந்தைத் துணி, ரேஷன் கார்டு, ஒரு படி அரிசி எல்லாவற்றையும் ஒரு போர்வையில் மூட்டை கட்டிக் கதவோரம் வைத்தாள். அக்கம்பக்கத்துப் பெண்கள் அதைப் பார்த்து, தமிழ்க்காரர்களை அங்கே சொல்கிறபடி, பாண்டிக்காரி ஊருக்கு ஓடப்போகிறாள் என்று கேலி செய்தார்கள்.

மழை தொடங்கியது. சத்தியதாஸ் எல்லா வருஷமும் போல விழிஞ்ஞத்துக்குப் போய்விட்டார். மழைக்காலத்தில் அங்கே உள்வாங்கிய துறையிலிருந்துதான் கட்டுமரம் இறக்க முடியும். இரண்டாம் வரிசையில் மூன்று வீடுகள் விழுந்தன. இசக்கிப்பாண்டியைச் சரிந்த பாறைகளைத் திருப்பி அடுக்க வேளிப் பக்கம் கூட்டிக்கொண்டு போயிருந்தார்கள்.

அன்றைக்கு மத்தியானம். மாடத்தி அடுப்பில் உலை வைத்திருந்தாள். அலைச் சத்தம் நின்றுபோன மாதிரி இருந்தது. ராகேலின் முகத்தைப் பார்க்கலாம் என்று முன்பக்கம் எட்டிப் பார்த்தாள். ராகேல் முற்றத்தில் நின்றுகொண்டிருந்தாள். மீன் வட்டிக்கூடை கையிலிருந்து நழுவிக் கீழே கிடந்தது. வாய் திறந்திருந்தது. அந்த முகத்தில் மாடத்தி ஒருநாளும் பார்க்காத ஒன்று இருந்தது.

"கடலைப் பாத்து நான் அவ்வளவு பயப்படல," என்று மாடத்தி என்னிடம் சொன்னாள். "ராகேல் சேச்சி மொகத்தப் பாத்துத்தான் எனக்கு ஈரக்குலை நடுங்கிட்டு."

அவள் நாச்சியாரை இடுப்பில் தூக்கினாள், மூட்டையை எடுத்தாள், ஓடினாள். பின்னால் ஒரு பெரிய சத்தம் கேட்டது. கணுக்காலில் தண்ணீர் வந்து பிடித்தது. திரும்பிப் பார்க்காமல் ரோட்டைத் தாண்டி மாதா கோவில் வாசலுக்குப் போய்ச் சேர்ந்தாள். வரிசை வீட்டுக்காரர்கள் ஒவ்வொருவராக வந்து சேர்ந்தார்கள். கோழியைப் பிடித்துக்கொண்டு ஒருத்தி, நனைந்த பாயோடு ஒருத்தி. ராகேலின் இரண்டு பிள்ளைகள் பள்ளிக்கூடத்திலிருந்து அங்கே ஓடிவந்து, "அம்மச்சி எவிடே?" என்று அம்மாவைத் தேடி மாடத்தியைத்தான் கேட்டார்கள்.

அவள் சுற்றிலும் பார்த்தாள். ராகேல் இல்லை. யாரும் அவளைப் பார்க்கவும் இல்லை.

யாராவது போவார்கள் என்று கொஞ்ச நேரம் நின்றாள். ஆண்கள் பெரும்பாலும் விழிஞ்ஞத்தில். இருந்த கிழவர்கள் ஜபம் சொல்லிக்கொண்டிருந்தார்கள். அவள் நாச்சியாரை ராகேலின் மூத்த மகளிடம் கொடுத்துவிட்டுத் திரும்பி நடந்தாள். ஓடவில்லை. பயத்தில் சேலையிலேயே மூத்திரம் போய்விட்டது என்றும், மழை பெய்ததால் யாருக்கும் தெரியவில்லை என்றும் பின்னால் வெட்கமில்லாமல் சொல்வாள்.

இரண்டாம் வரிசை இல்லை. ராகேல் வீட்டின் முன்சுவரும் இல்லை. பின்வாசல் வழியாக நுழைந்தால் வீட்டுக்குள்ளேயே கடல் தெரிந்தது. ராகேல் அடுக்களைக் கதவு நிலையை இரண்டு கையாலும் கட்டிப் பிடித்துக்கொண்டு, முழங்கால் அளவு நுரையில் நின்றிருந்தாள்.

"சேச்சி, வாங்க."

ராகேல் அசையவில்லை.

"சேச்சி, பிள்ளைங்க கோவில்ல நிக்கி. வாங்க."

"தாஸ் வந்தா என்னெ எவிடெ வந்து தேடும்?" என்றாள் ராகேல். அதையே திரும்பத் திரும்பச் சொன்னாள். கண்ணை மட்டும் கடலைவிட்டு எடுக்கவில்லை.

மாடத்தி அவள் கையைப் பிடித்து இழுத்தாள். விரல்கள் நிலையை விட்டு வரவில்லை. கூரை ஓடுகள் ஒவ்வொன்றாகத் தண்ணீரில் விழுந்தன. இந்த உடம்பைத் தன்னால் தூக்க முடியாது, விட்டுவிட்டு ஓடவும் முடியாது என்று தெரிந்தபோது, மாடத்தி குனிந்து ராகேலின் பெருவிரலைப் பலங்கொண்ட மட்டும் கடித்தாள். ராகேல் அலறிக்கொண்டு கையை விட்டாள். அந்தக் கணத்தில் அவள் முடியைக் கொத்தாகப் பிடித்து இழுத்துக்கொண்டு மாடத்தி வெளியே வந்தாள். அவர்கள் ரோட்டை எட்டுவதற்குள் நிலையும் சுவரும் முற்றத்துத் தென்னையும் சேர்ந்து போய்விட்டன.

அன்றைக்கு மாலை இசக்கிப்பாண்டி சேதி கேட்டு வேளியிலிருந்து மணலில் ஓடியே வந்தான். மாடத்தியையும் பிள்ளையையும் கண்டதும் கோவில் படியில் உட்கார்ந்து வாந்தி எடுத்தான்.

எல்லோரையும் ஒரு பள்ளிக்கூடத்தில் தங்க வைத்தார்கள். கஞ்சி கொடுத்தார்கள். ராகேல் கையில் துணி சுற்றிக்கொண்டு சுவரைப் பார்த்தபடி படுத்திருந்தாள். மாடத்தியிடம் பேசவில்லை. கடித்ததற்குக் கோபம் என்று மாடத்தி நினைத்தாள். விழிஞ்ஞத்திலிருந்து சத்தியதாஸ் வந்து, நடந்ததைக் கேட்டு, மாடத்தியின் முன்னால் கைகூப்பி நின்றபோதும் ராகேல் திரும்பவில்லை.

மழை விட்டதும் சுவர் வேலை மறுபடி தொடங்கியது. தான் குடியிருந்த அறை இருந்த இடத்தில் இசக்கிப்பாண்டியே பாறை அடுக்கினான். அந்தப் பாறைகளுக்குப் பின்னால், ஐந்தாம் வரிசையாக இருந்த இடத்தில், ராகேல் ஓலைக் குடிசை போட்டாள். கடலை விட்டுத் தள்ளி இடம் தருகிறோம் என்றார்கள், சத்தியதாஸ் போகவில்லை. தள்ளிப் போனால் கட்டுமரத்தை யார் பார்ப்பது? மாடத்தி பழவங்காடிக்கு அப்பால், சாலைத் தெருவில் ஒரு அறை பிடித்து வந்துவிட்டாள். பாத்திரக் கடையில் பெருக்கித் துடைக்கிற வேலை. மழை பெய்தால் முற்றத்துச் சாக்கடை எவ்வளவு ஏறுகிறது என்று வந்து வந்து பார்ப்பாள். "இங்க கடல் எங்க இருக்கு?" என்று நான் கேட்டால், "அங்கயும் அப்படித்தான் சொன்னாங்க," என்பாள்.

ராகேல் சாலைப் பக்கம் மீன் விற்க வருவாள். முதலில் வாசலோடு போய்விடுவாள். பிறகு, பெரிய மழை நாட்களில், வட்டியைத் திண்டில் இறக்கிவிட்டு அறைக்குள் வந்து உட்கார ஆரம்பித்தாள். மாடத்தி பால் விடாத கட்டன் சாயா போட்டுக் கொடுப்பாள். ராகேலின் பெருவிரலில் பல் பதிந்த தழும்பு இருந்தது. நானே பார்த்திருக்கிறேன்.

எண்பதோ எண்பத்தொன்றோ, அப்படி ஒரு மழை நாளில் நானும் அங்கே உட்கார்ந்திருந்தேன். ராகேல் டம்ளரைக் கீழே வைத்துவிட்டு, யாரையும் பார்க்காமல் கேட்டாள்.

"எடீ, நீ அந்நு என்னைத் தேடித் திரிச்சு வந்தியே. பேடி இல்லயா?"

"இருந்துச்சு, சேச்சி. இப்பவும் இருக்கு."

"எனக்கு அந்நுதான் தொடங்கியது," என்றாள் ராகேல். "பிள்ளைங்களுக்கு அறியாது. தாசுக்கும் அறியாது. காற்று மாறினா என் கை தன்னாலே எதையாவது பிடிக்குது."

"இங்கயே இருந்துருங்களேன். நாளைக்குப் போலாம்."

"அவங்க எல்லாம் அங்க அல்லோ."

மழை குறைந்திருந்தது, விடவில்லை. ராகேல் எழுந்து வட்டியைத் தலையில் வைத்தாள். மாடத்தி நாச்சியாரின் பள்ளிக்கூடக் குடையை எடுத்துக்கொண்டு அவளோடு கிழக்கேகோட்டை பஸ் நிலையம் வரைக்கும் போனாள். திரும்பி வந்தபோது முழுக்க நனைந்திருந்தாள். குடையை ராகேலிடமே கொடுத்துவிட்டாளாம்.