பசலிப்படி பிறந்தவள்

தாராசுரத்துக்கு அருகே, மூடிக்கிடந்த அரிசி ஆலையில் நாங்கள் நடத்திய இடத்தைப் பள்ளிக்கூடம் என்று சொல்லமாட்டோம். மணி கிடையாது, வகுப்பு கிடையாது. எதைப் படிப்பது என்று பிள்ளைகளே முடிவு செய்வார்கள். ஒன்பதாவதோடு நின்று, லாரியிலும் அறுவடை மெஷினிலும் ஊர் சுற்றிய எனக்கு அங்கே வேலை கிடைத்ததே அதனால்தான். நான்காம் வருடம் அலுத்துவிட்டது. எதையும் சொல்லிக்கொடுக்காமல் பக்கத்தில் உட்கார்ந்திருப்பது மூட்டை தூக்குவதைவிடக் களைப்பு.

பதின்மூன்று வயதுப் பெண் ஒருத்தி இருந்தாள். இரண்டு வருடம் எழுத்துப் பக்கமே போகவில்லை. பிறகு ஒருநாள் அப்பாவின் அடங்கல் நகலை எடுத்துவந்து எழுத்துக்கூட்ட ஆரம்பித்தாள். எந்த நிலத்தில் என்ன பயிர் என்று வி.ஏ.ஓ. எழுதித்தரும் தாள் அது. அடுத்து அக்கம்பக்கத்து வீட்டு அடங்கல்களையும் கேட்டு வாங்கினாள். அப்படியே படிக்கக் கற்றுக்கொண்டாள்.

எட்டாம் வகுப்புத் தேர்வைத் தனித்தேர்வராக எழுதினால் இங்கேயே இருக்கலாம், இல்லையென்றால் ஜூனில் டவுன் பள்ளிக்கூடம் என்று அப்பா சொல்லியிருந்தார். விண்ணப்பத்தை அவளே நிரப்பினாள். நான் சரிபார்த்தேன். கடைசி நாள் காலை இருவரும் கும்பகோணம் கல்வி அலுவலகத்துக்குப் போய்க் கொடுத்தோம்.

எழுத்தர் பிறந்த ஆண்டைப் பார்த்துவிட்டு, "பிள்ளைக்கு அறுநூறு வயசு ஆவுதுங்களே" என்றார்.

அடங்கலில் உள்ளதுபோலப் பசலி ஆண்டை எழுதியிருந்தாள். நிலக்கணக்குக்கு மட்டுமான ஆண்டு. ஆங்கில ஆண்டைவிட ஐந்நூற்றுத் தொண்ணூறு குறைவாக வரும். என் கண்ணிலும் அது படவில்லை. ஐந்து மணிக்குள் புதுத் தாளில் எழுதி, அப்பாவின் கையெழுத்தோடு வரச் சொன்னார்.

பஸ்ஸிலேயே நிரப்பிவிட்டாள். அப்பா வயலில் அறுவடை மெஷினுக்குக் காத்திருந்தார். நடந்ததைச் சொல்லி இரண்டு தாளையும் நீட்டினேன். பழையதையே நெடுநேரம் பார்த்தார்.

"பசலி சரியாத்தான் போட்டிருக்கா. இது எனக்கே தெரியும் சார். இதக் கத்துக்க அவ வீட்டுலயே இருந்திருக்கலாமே."

"யாரும் சொல்லிக் குடுக்கலப்பா. நானாத்தான் படிச்சேன்."

"அதத்தாம்மா நானும் சொல்றேன்."

பதில் சொல்லச் சொற்கள் இருந்தன. எங்கள் கூட்டங்களில் பிறர் பேசிக் கேட்டவை. மெஷின் வந்ததும் கையெழுத்துப் போடாத தாளை மகளிடம் கொடுத்துவிட்டு வரப்பில் இறங்கி நடந்தார். அவர் திரும்பி வருவார் என்று ஐந்து மணி வரை நின்றோம்.

ஜூனில் டவுன் பள்ளிக்கூடத்தில் சேர்ந்தாள். நன்றாகப் படிக்கிறாளாம். அதில் எங்களுக்கு ஏதும் பங்குண்டா என்று யாரும் கேட்கவில்லை. கேட்டாலும் எனக்குத் தெரியாது.