ஏழாம் கட்டம்

பதிவு அலுவலகத்து மதிலை ஒட்டி ஒரு மேசை, ஒரு நாற்காலி, வருகிறவர்கள் உட்கார ஒரு முக்காலி. அந்த மேசைக்காரரைத்தான் ஊரே கட்டத்துக்காரர் என்று கூப்பிடும். அவருக்குப் பக்கத்திலேயே என் ஜெராக்ஸ் கடை. பத்தொன்பது வருஷமாக அவர் தும்மினால்கூட எனக்குக் கேட்கும். ஆகையால் அவரைப் பற்றிச் சொல்ல எனக்குத்தான் முழு உரிமை. வேறு யாராவது வேறு மாதிரி சொன்னால் நம்பிவிடாதீர்கள்.

படிவம் எழுதுவது அவர் தொழில். அதற்கு அரசாங்க உரிமம் வைத்திருந்தார். பிறப்பு, இறப்பு, கல்யாணம், அடையாள அட்டை, எல்லை தாண்டும் அனுமதி, எல்லாம் அவர் கையால்தான். ஒரு கட்டத்துக்கு ஓர் எழுத்து. எழுத்து கோட்டைத் தொட்டால் உள்ளே இருக்கும் குமாஸ்தா தாளைத் திருப்பி எறிவான். இவர் எழுதியது ஒன்றுகூடத் திரும்பி வந்ததில்லை. பெயரும் அப்படித்தான் வந்தது.

எழுதி முடித்ததும் முழுவதையும் சத்தமாக வாசித்துக் காட்டுவார். பெயர், அப்பா பெயர், பிறந்த தேதி என்று ஆறு வரைக்கும் குரல் கணீரென்று வரும். ஏழு வந்ததும் வாயை மூடிக்கொள்வார். தாளை எதிரே இருப்பவர் பக்கம் திருப்பி, அந்தக் கட்டத்தில் விரலை வைப்பார். அவர் பார்த்துத் தலையாட்டினால் எட்டாம் கட்டத்துக்குப் போவார்.

ஏழாம் கட்டம் என்றால் இனம். எல்லைக்கோடு போட்ட மகராசன்கள் எங்களைக் கேட்டுப் போடவில்லை. இந்தப் பக்கத்து இனத்தில் பாதிப் பேர் அங்கே மாட்டிக்கொண்டார்கள், அந்தப் பக்கத்து இனத்தில் கொஞ்சம் பேர் இங்கே. முகத்தைப் பார்த்தால் ஒன்றும் தெரியாது. காலில் கிடக்கும் செருப்பு, கையில் இருக்கும் போன், இரண்டு பக்கத்துக் கொடிக்கும் வேண்டிய துணி, எல்லாம் எங்கோ ஒரு மூன்றாவது நாட்டிலிருந்து ஒரே கப்பலில்தான் வருகிறது. சண்டை மட்டும் நாங்களே சொந்தமாகத் தயாரித்துக்கொள்கிறோம்.

ஒருநாள் கேட்டே விட்டேன்.

"ஏன் அண்ணே, ஏழு வந்தா மட்டும் வாயில கொழுக்கட்டையா?"

"பின்னாடி வரிசையில நிக்கிறவனுக்கும் காது இருக்கும்மா."

நியாயம்தான் என்று விட்டுவிட்டேன். அது பாதிக் காரணம்தான் என்று பிறகுதான் தெரிந்தது.

அவர் மனைவியை நான் அண்ணி என்பேன். மதியம் டிபன் கேரியரைத் தூக்கிக்கொண்டு வருவார், வைப்பார், போவார். பேச்சு அளந்துதான் வரும். ஒருமுறை கட்டத்துக்காரர் மேசையில் மறந்துவிட்டுப் போன மூக்குக் கண்ணாடியைக் கொடுக்க அவர்கள் வீட்டு மாடிக்குப் போனேன். குளியலறையில் குழாய் சோவென்று கொட்டிக்கொண்டிருந்தது. அந்தக் கதவோரம் நாற்காலி போட்டு, மடியில் பேப்பரை வைத்துக்கொண்டு இவர் உட்கார்ந்திருந்தார்.

"அண்ணி குளிக்கிறாங்களா?"

"அக்காகிட்ட போன்ல பேசுறா" என்றார்.

தண்ணீர்ச் சத்தத்துக்கு நடுவே எனக்குப் புரியாத பாஷை லேசாகக் கேட்டது. சுவர் மெல்லிசு, பக்கத்து வீட்டுக்காரன் பொல்லாதவன். இவர் காவலுக்கு உட்கார்ந்திருக்கிறார் என்று நினைத்துக்கொண்டேன். அண்ணி அந்தப் பக்கத்துப் பெண் என்பது அன்றைக்குத்தான் எனக்குத் தெரியும். நான் இந்தப் பக்கத்தவள். என்னிடமே மறைத்துவிட்டார்களே என்று படியிறங்கும்போது கோபம் கோபமாக வந்தது. தெரு முனைக்கு வந்தபோது, மறைக்காமல் என்ன செய்வார்கள் என்றும் தோன்றியது.

அண்ணியின் அம்மா சின்ன வயதிலேயே போய்விட, அக்காதான் தலை சீவிவிட்டு, சோறு ஊட்டி வளர்த்தவர். கலவரத்தில் அந்த அக்கா எல்லைக்கு அப்பால் போய்விட்டார். முப்பது வருஷமாக நேரில் பார்க்கவில்லை. இந்த வருஷம் அக்காவுக்கு நோய் முற்றிவிட்டது. அக்கா மகள் இருப்பது இன்னும் தூரத்தில், பனி கொட்டும் ஒரு தேசத்தில். அங்கிருந்து வீடியோவில் கூப்பிட்டு அழுதாளாம்: "சித்தி, டாக்டர் ஒரு மாசம்தான் சொல்றாரு. அம்மா உங்களையே கேட்டுட்டிருக்காங்க."

எல்லையோ மூடிக் கிடக்கிறது. சாகக் கிடக்கும் சொந்தத்தைப் பார்க்க ஏழாம் கட்டத்தில் அந்தப் பக்கத்து இனம் எழுதியவர்களுக்கு மட்டும்தான் அனுமதி. அண்ணியின் அட்டையிலோ இந்தப் பக்கத்து இனம்.

எழுதியவர் இவர்தான். கல்யாணமாகி மூன்றாம் மாதம் கலவரம். பதிவேட்டுப் பட்டியலைக் கையில் வைத்துக்கொண்டு கலவரக்காரர்கள் அந்தப் பக்கத்து இனத்தைத் தேடி வீடு வீடாக வந்திருக்கிறார்கள். அதற்கு இரண்டு நாள் முன்னால் இவர் அண்ணிக்குப் புதுப் படிவம் எழுதி, தன் இனத்தையே போட்டு, உள்ளே கொடுத்துவிட்டார். அந்தத் தெருவில் நான்கு வீடு எரிந்தது. இவர்கள் கதவைத் தட்டாமல் தாண்டிப் போனார்கள்.

அட்டையைத் திருத்தலாம். அதற்கும் ஒரு படிவம் இருக்கிறது. முதல் பதிவு ஏன் தவறானது என்று கேட்கும். கவனக்குறைவு என்றால் விசாரணை, ஆறு மாதம் இழுக்கும். தெரிந்தே எழுதியதாக எழுதியவரே ஒப்புக்கொண்டு கையெழுத்துப் போட்டால் பத்து நாளில் புது அட்டை. ஆனால் எழுதியவரின் உரிமம் அன்றோடு பறிபோகும்.

"பொழப்பு போயிடும் அண்ணே, நல்லா யோசிங்க" என்றேன். பேனாவுக்கு மை ஊற்றிக்கொண்டே, "யோசிச்சிட்டேன்" என்றார்.

மறுநாள் அண்ணி டிபன் கேரியர் இல்லாமல் வந்தார். வரிசையில் நின்று, முறை வந்ததும் முக்காலியில் உட்கார்ந்தார். பின்னால் பத்துப் பன்னிரண்டு பேர். அன்றைக்கு மட்டும் இவர் ஒவ்வொன்றாகச் சத்தமாகக் கேட்டு, எழுத எழுத வாசித்துக்கொண்டே போனார். ஆறு முடிந்தது. வாய் மூடிக்கொண்டது. தாளைத் திருப்பி விரலை வைத்தார். கட்டம் காலியாக இருந்தது.

"அன்னைக்குக் கேக்காம எழுதிட்டேன்" என்றார் மெல்ல. "இன்னைக்குக் கேக்குறேன். என்ன எழுதட்டும்?"

எனக்கு அப்போதுதான் உறைத்தது. ஊரில் அத்தனை பேருக்கும் தாளைத் திருப்பிக் காட்டித் தலையாட்டச் சொன்ன மனுஷன், கேட்காமல் எழுதியது ஒரே ஒருத்திக்குத்தான்.

"உயிரைக் காப்பாத்தினீங்க. இல்லேன்னு சொல்லல" என்றார் அண்ணி. "ஆனா ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம்."

"கேட்டா வேணாம்னு சொல்லிடுவியோன்னு பயமா இருந்துச்சு."

"சொல்லித்தான் இருப்பேன்."

"தெரியும். அதான் கேக்கல."

அண்ணி அந்த விரலைப் பார்த்தார். பிறகு நிமிர்ந்தார்.

"சத்தமாக் கேளுங்க. மத்ததெல்லாம் சத்தமாத்தானே கேட்டீங்க."

இவர் வரிசையைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். தொண்டையைச் செருமிக்கொண்டார்.

"ஏழு. இனம்?"

அண்ணி சொன்னார். தெளிவாக, எல்லாருக்கும் கேட்கும்படி சொன்னார்.

நான் மெஷினை நிறுத்தினேன். என் கையில் ஸ்டேப்ளர் இருந்தது. எவனாவது ஏதாவது சொல்லியிருந்தால் சத்தியமாக அவன் மண்டைக்குத்தான் பறந்திருக்கும். ஒருத்தன் முணுமுணுத்துக்கொண்டே வரிசையை விட்டுப் போனான். போய்த் தொலையட்டும். கடைசியில் வரிசையில் நின்ற முட்டை வியாபாரிதான் வாயைத் திறந்தார்: "எழுதுங்கண்ணே, எழுதுங்க. ஒரு மணிக்கு ஜன்னலைச் சாத்திருவான், அப்புறம் நாங்க நாளைக்கு வரணும்."

இவர் எழுதினார். ஒரு கட்டத்துக்கு ஓர் எழுத்து. கடைசிப் பக்கத்தில், 'தெரிந்தே எழுதினேன். அவளைக் கேட்கவில்லை' என்று எழுதிக் கையெழுத்துப் போட்டார். அவளைக் கேட்டாயா என்று அந்தப் படிவம் எங்குமே கேட்கவில்லை. இவராகத்தான் சேர்த்தார்.

மறு வாரமே உரிமத்தைப் பிடுங்கிக்கொண்டார்கள். மேசையை நானே என் கடைக்குள் இழுத்துப் போட்டேன். இப்போது பாஸ்போர்ட் சைஸ் போட்டோ வெட்டித் தருகிறார், நூல் பிடித்த மாதிரி. அண்ணி பத்தாம் நாள் புது அட்டை வாங்கி, பன்னிரண்டாம் நாள் பஸ் ஏறினார். இவர் போனைக் கல்லாப்பெட்டி மேல் வைத்துவிட்டு அதையே பார்த்துக்கொண்டிருந்தார். போட்டோ வெட்டும்போதுகூட ஒரு கண் அங்கேதான்.

பஸ் ஏறிய நான்காம் நாள் காலையில் அண்ணி வீடியோவில் கூப்பிட்டார். படத்தில் பாதி முகமும் பாதிக் குளியலறைச் சுவரும்தான் தெரிந்தது. பின்னால் சோவென்று ஒரே இரைச்சல்.

"சாப்பிட்டீங்களா?" அண்ணி கிசுகிசுத்தார். "அக்கா என்னைப் பாத்ததும் அடையாளம் கண்டுக்கிட்டாங்க. கையை விடவே மாட்டேங்கிறாங்க. நேத்து நானே சோறு ஊட்டினேன்."

"ஏன் இவ்வளவு மெதுவாப் பேசுற?"

"இங்க உங்க பாஷை காதுல விழுந்தா பக்கத்து வீட்டுல ஒரு மாதிரி பாக்குறாங்க. அக்காவுக்கு எதுக்கு வம்பு? அதான் குழாயைத் திறந்துவிட்டுப் பேசுறேன்."

இவர் கத்தரிக்கோலைக் கீழே வைத்தார். போனை முகத்தருகே கொண்டுபோய் ஏதோ சொன்னார். எனக்கு ஒரு வார்த்தைகூட விளங்கவில்லை. தட்டுத்தடுமாறித்தான் சொன்னார், ஆனால் அந்தப் பாஷையில்.

அண்ணியின் முகம் படத்தை விட்டு விலகியது. பிறகு இரைச்சல் நின்றது. அதற்கப்புறம் ஒரே சிரிப்பு, ஒரே அழுகை, முழுசாக அந்தப் பாஷையில் மடமடவென்று பேச்சு. அண்ணி அவ்வளவு பேசி நான் கேட்டதே இல்லை. இவர் நடுநடுவே தப்பும் தவறுமாக ஏதோ சொல்ல, அண்ணி திருத்தித் திருத்திச் சிரித்தார்.

போனை வைத்ததும் என்னால் பொறுக்க முடியவில்லை.

"அண்ணே, அப்படி என்னதான் சொன்னீங்க?"

"குழாயை மூடிட்டு உன் பாஷையிலயே பேசு, எனக்குப் புரியும்னு சொன்னேன்."

"அடப்பாவி மனுஷா! எப்பக் கத்துக்கிட்டீங்க?"

கண்ணாடியைக் கழற்றிச் சட்டை நுனியால் துடைத்தார்.

"வருஷக்கணக்கா அந்தக் கதவுக்கு வெளியிலதானேம்மா உக்காந்திருந்தேன்."