மரமூஞ்சி ஆறாம் பாகமும் சித்தியின் கத்தரியும்

மரமூஞ்சிப் படங்கள் ஐந்துக்கும் நான்தான் லொக்கேஷன் மேனேஜர். மர முகமூடி போட்ட ஒருவன் கோடாரியோடு காட்டில் திரிவான். பட்டணத்துப் பிள்ளைகள் ஜீப்பில் வருவார்கள், டயர் பஞ்சராகும், மீதி உங்களுக்கே தெரியும். என் பெயர் கடைசியில் நன்றிப் பட்டியலில் ஓடும். படிக்க நினைப்பதற்குள் போய்விடும்.

ஐந்தாவது படம் படுத்துவிட்டது. கொழிஞ்சாம்பாறைக்காரரான தயாரிப்பாளர் எங்களைக் குமுளி லாட்ஜில் கூட்டி வைத்துச் சொன்னார்.

"ஏனுங்க, அஞ்சு படமும் ஒரே காடு, ஒரே பஞ்சர். பயப்படற எடத்துல சனங்க சிரிக்கறாங்க. கடையைச் சாத்திரலாமுங்க."

எனக்குப் பொறுக்கவில்லை. கடை சாத்தினால் என் பிழைப்பும் போச்சு. பல வருடமாக மனதில் வைத்திருந்ததைக் கொட்டிவிட்டேன்.

"சார், காட்டைப் பாத்து எங்க மலை ஆளுகளுக்குப் பயமில்ல. மழை நாள்ல தேயிலை எஸ்டேட்டுக்கு வாங்க. அம்புட்டுப் பேரும் தலையோட பிளாஸ்டிக் சாக்கு போட்டிருப்பாங்க. எல்லார் கையிலயும் கொழுந்து வெட்டுற கத்தரி. முகமூடியைக் கழட்டிட்டு மரமூஞ்சி அதுக்குள்ள நின்னா?"

"பகல்லயா? நம்பற மாதிரி இல்லீங்களே."

"ஒரு நாள் குடுங்க. அப்புறம் சாத்துங்க."

ஆளுக்கு ஒரு நிரை

ஏலப்பாறைக்குப் பக்கத்தில்தான் என் சித்தி ராசாத்தி வேலை பார்க்கும் தோட்டம். கொழுந்து வெட்ட ஆளுக்கு ஒரு நிரை, அதாவது ஒரு வரிசைச் செடி, பிரித்துக் கொடுப்பார்கள். மானேஜரிடம் அனுமதி வாங்கி, மரமூஞ்சியாக நடிக்கும் ஸ்டன்ட் செல்வத்துக்குச் சாக்கை மாட்டி, கத்தரியும் கொடுத்து ஒரு நிரையில் விட்டேன். சித்தியிடம்கூடச் சொல்லவில்லை. மழையும் நல்லபடியாகப் பிடித்துக்கொண்டது.

"இதுல மரமூஞ்சி இருக்கான் சார். கண்டுபிடிங்க."

தயாரிப்பாளர் குடையோடு நடந்தார். இருபத்து மூன்று சாக்குகள், இருபத்து மூன்று கத்தரிகள். இரண்டு முறை செல்வத்தைத் தாண்டியே போனார். மூன்றாம் முறை குடைப்பிடியை இறுக்கிக்கொண்டார். எனக்குக் குதிக்கலாம் போல இருந்தது.

"வேண்டாமுங்க. யாருன்னு நீங்களே சொல்லிப்போடுங்க."

நான் வாய் திறப்பதற்குள் பக்கத்து நிரையிலிருந்து சித்தி கத்தினாள்.

"எவன்டா அவன், முத்துன இலையையும் தண்டையும் சேத்து வெட்டுறவன்? சாக்கை எடுடா, மூஞ்சியைப் பாக்கணும்."

நாலைந்து பெண்கள் கத்தரியும் கையுமாகச் செல்வத்தைச் சுற்றி நின்றுவிட்டார்கள். ஐந்து படத்தில் ஊரையே கொன்றவன், "யக்கா, நான் நடிகன்க்கா" என்று செடிக்கு நடுவில் உட்கார்ந்துவிட்டான்.

எல்லாம் கெட்டுப்போச்சு என்று தலையில் கை வைத்தேன். தயாரிப்பாளரோ குடையை மடக்கிவிட்டு மழையில் நின்றுகொண்டிருந்தார்.

"இதானுங்க கிளைமாக்ஸ். மூஞ்சியை வெச்சு எனக்குத் தெரியல. வெட்டுன செடியை வெச்சு இந்தம்மாவுக்குத் தெரிஞ்சிருச்சு. கதைன்னு உங்க பேரைப் போட்டரலாமுங்களா?"

சித்தியைக் கைகாட்டினேன். "எங்க ரெண்டு பேர் பேரையும் போடுங்க சார்" என்றேன்.

இந்தத் தொழிலுக்கு வருகிறவர்களுக்கு நான் சொல்வது ஒன்றுதான். கதைக்கு இடம் தேடும் முன்னால் அந்த இடத்தில் வேலை செய்கிறவர்களைப் பாருங்கள். நான் ஐந்து படத்துக்குச் சித்தியின் நிரையைத் தாண்டித்தான் காட்டுக்குப் போய்க்கொண்டிருந்தேன்.

சித்தி மட்டும் அசரவில்லை. "பேரு கெடக்கட்டும். இவன் கெடுத்த நிரையை யாரு சரி பண்றது?" என்றாள். சாயங்காலம் வரை மரமூஞ்சியும் நானும் அவளிடம் கத்தரி பிடிக்கக் கற்றுக்கொண்டோம்.